முறை நாள்

ஆம்பூர் நீதிமன்ற வளாகத்தின் பின்பக்கத்து அறையில் இயங்கிய சமரச மையத்தில் மேசை வட்டமாக இருந்தது. எவரும் தலைமை இடத்தில் உட்கார்ந்துவிடக் கூடாது என்பதற்காகத்தான் அப்படி என்று வழக்கறிஞர் ஆபித் பாஷா வரும் வழியிலேயே விளக்கியிருந்தார். பதினோரு ஆண்டுகளாக முன்சீப் கோர்ட்டு வராந்தாவில் நின்று பழகிய கமலத்துக்கு அந்த ஏற்பாடு பிடிக்கவில்லை. வழக்காடுகிறவர்கள் எதிரெதிரே நிற்க வேண்டும். நீதிபதி உயரத்தில் இருக்க வேண்டும். ஒரே தட்டிலிருந்து பிஸ்கட் எடுத்துத் தின்றுகொண்டு பங்காளியோடு வழக்குப் பேசுவது அவளுக்கு முறைகேடாகத் தோன்றியது.

அவளுடைய கணவனின் தம்பி சம்பத்துக்கு அந்தத் தயக்கம் எதுவும் இல்லை. இரண்டு பிஸ்கட்டை எடுத்துத் தேநீரில் நனைத்துக்கொண்டே தட்டை அவள் பக்கம் நகர்த்தினான்.

"சாப்புடுங்க அண்ணி. சர்க்கார் பிஸ்கட்டு. பதினோரு வருஷத்துல நம்ம ரெண்டு பேருக்கும் கெடச்சது இது ஒண்ணுதான்."

"நீயே தின்னு. எதக் கண்டாலும் பங்கு கேக்கறவன் நீதான்."

அவள் மகள் ஹேமலதா தலையைக் குனிந்துகொண்டு சிரிப்பை அடக்கினாள். சமரசராக நியமிக்கப்பட்டிருந்த ரஃபத் ஜஹான் அடக்கவில்லை, வாய்விட்டே சிரித்தார். அவரும் வழக்கறிஞர்தான். ஆனால் அந்த அறைக்குள் கறுப்பு அங்கி அணிவதில்லை. சிரித்து முடித்ததும் முதல் அமர்வில் சொன்ன விதியை மூன்றாம் அமர்விலும் மறக்காமல் சொன்னார்.

"இங்க பேசறது இந்த ரூமைத் தாண்டாது. ஒத்துவரலைன்னா கேஸு மறுபடியும் கோர்ட்டுக்குப் போயிடும். அப்ப யாரு இன்னா சொன்னாங்கன்னு நானும் ஜட்ஜுகிட்ட சொல்ல மாட்டேன், நீங்களும் சொல்லக் கூடாது. அந்த தைரியத்துல மனசுல இருக்கறதப் பேசுங்க."

கமலத்தின் மனத்தில் இருந்தது ஒன்றே ஒன்று. மாதனூருக்குக் கிழக்கே பாலாற்றங்கரையில் அவளுக்கு ஒன்றரை ஏக்கர் நிலமும் அதில் நாற்பத்திரண்டு தென்னை மரங்களும் இருந்தன. அவற்றுக்குத் தண்ணீர் வேண்டும். யாருடைய தயவிலும் வராத தண்ணீராக அது இருக்க வேண்டும்.

கிணறு அவளுடைய மாமனார் வெட்டியது. நிலத்தை மகன்கள் இருவரும் பிரித்துக்கொண்டபோது கிணற்றைப் பிரிக்க முடியாதாகையால், அந்தப் பக்கத்து வழக்கப்படி நாளைப் பிரித்தார்கள். மூத்தவனான அவள் கணவன் ஏகாம்பரத்தின் நிலம் சிறியது. அவனுக்குச் செவ்வாயும் வெள்ளியும். சம்பத்தின் நிலம் மூன்றேகால் ஏக்கர். அவனுக்கு மற்ற ஐந்து நாட்கள். ஒரு நாள் என்பது சூரிய உதயத்தில் தொடங்கி மறு உதயத்தில் முடியும். அதற்கு முறை நாள் என்று பெயர். அடுத்தவன் முறை நாளில் கிணற்றில் வாளி போடுவது இருக்கட்டும், எட்டிப் பார்ப்பதே கூடாது. அப்படிப் பார்ப்பவனைத் திருடன் என்று அந்த ஊரில் சொல்ல மாட்டார்கள். அதைவிடக் கீழான ஒரு சொல்லால் சொல்வார்கள்.

ஏகாம்பரம் இறந்த மூன்றாம் மாதத்தில் சம்பத் மோட்டார்க் கொட்டகைக்குப் புதுப் பூட்டுப் போட்டான். கிணறு தன் புல எண்ணுக்குள் இருப்பதால் தனக்கே சொந்தம் என்றான். அதற்குப் பின் கமலத்துக்குத் தண்ணீர் வந்தது அவனுக்கு மனம் வந்தபோதுதான். வந்தால் ஒரு மணி நேரம்; வராவிட்டால் கரன்ட் இல்லை, மோட்டார்க் காயில் எரிந்துவிட்டது, சாவியைப் பையன் எடுத்துப் போய்விட்டான். அண்ணி எத்தனை மரத்துக்கு விட்டாள், ஏன் மேலைப் பாத்திக்கு விட்டாள் என்று விசாரணை வேறு. அவள் வழக்குப் போட்டாள். வழக்கு முடியும்வரை எவரும் புது மோட்டார் வைக்கக் கூடாது, தண்ணீரை வெளியே கொண்டுபோகக் கூடாது என்று இடைக்கால உத்தரவு வந்தது. இரண்டாவது தடை காரணமில்லாமல் வந்ததன்று. ஆம்பூர்த் தோல் தொழிற்சாலைகள் பலவற்றில் சொந்த ஆழ்குழாய்களில் உப்பு ஏறிவிட்டது. தோலைக் கழுவி எடுப்பதற்கு நல்ல தண்ணீரை லாரியில் வாங்குவது அங்கே அன்றாட நடப்பு. ஆற்றோரக் கிணற்று நீருக்குக் கிராக்கி அதிகம்.

மூன்றாம் அமர்வில் சம்பத் எதிர்பாராத விதமாக இறங்கி வந்தான்.

"செவ்வாயும் வெள்ளியும் அண்ணன் நாளு. அத நான் இல்லேன்னு சொல்லல மேடம். எனக்கும் பேஜாராப் போச்சு. வாய்தாவுக்கு நடந்து நடந்து முட்டி தேஞ்சிடுச்சு. கிணத்துல அவங்களுக்குப் பாத்தியம் உண்டுன்னு எழுதிக்குங்க. கையெழுத்துப் போடறேன்."

பதினோரு ஆண்டுகள் சாட்சி, ஆவணம், கமிஷனர் அறிக்கை என்று கிடைக்காத ஒன்று, ஒரு கோப்பைத் தேநீர் ஆறுவதற்குள் கிடைத்துவிட்டது. கமலம் மகிழவில்லை, சந்தேகப்பட்டாள். தனியாகப் பேச வேண்டும் என்றாள். அதற்கும் அங்கே வழி இருந்தது. சம்பத்தும் அவன் வக்கீலும் வெளியே போனார்கள்.

கதவு சாத்தியதும் ஹேமலதா பேசினாள். அவள் ஒரு ஷூ கம்பெனியில் தரம் பார்க்கும் செக்கராக வேலை பார்ப்பவள். அன்றைக்கு அரை நாள் லீவு போட்டுவிட்டு வந்திருந்தாள்.

"நாளுன்னு மட்டும் எழுத வைக்காதம்மா. எத்தினி எச்.பி. மோட்டாரு, ஒரு நாளைக்கு எத்தினி மணி நேரம், வெளிய விக்கலாமா கூடாதா, எல்லாத்தையும் எழுதச் சொல்லு. எங்க லைன்ல எட்டு மணி நேரம் நின்னேன்னு சொன்னா எவன் கேக்கறான்? எத்தினி ஜோடி முடிச்சேன்னுதான கேக்கறான்?"

"கெணறு இன்னா உங்க செருப்புக் கம்பெனியா?"

"பாப்பா சொல்றது சரிம்மா," என்றார் ஆபித் பாஷா. "கேஸு முடிஞ்சா இடைக்கால உத்தரவும் அதோட போயிடும். தண்ணிய வெளிய எடுத்துட்டுப் போகக் கூடாதுன்னு இதுல தனியா எழுதினாத்தான் உண்டு."

"அவன் நாள்ல நான் எதுக்கு வக்கீல் சார் பேசணும்?" கமலம் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "அவன் நாளு அவனுது. அதுல நெல்லுக்கு விடுவானோ புல்லுக்கு விடுவானோ, நான் கேக்க மாட்டேன். நான் கேட்டா, என் நாள்ல அவன் கேப்பான். எத்தினி மரம், எத்தினி மணி நேரம்னு பதினோரு வருஷமா கேட்டுட்டுத்தான கீறான்? அந்தக் கேள்வியே இருக்கக் கூடாது. அதுக்குத்தான் நான் கோர்ட்டுக்கு வந்தேன்."

"ஒரு வேளை அவர் வித்தா?" என்று ரஃபத் ஜஹான் கேட்டார். "அப்ப உங்களுக்கு இன்னா மிஞ்சும்னு யோசிச்சுப் பார்த்தீங்களா? நான் இப்படிப் பண்ணுங்கன்னு சொல்ல மாட்டேன். அது என் வேலை இல்ல. கேக்கறேன், அவ்ளோதான்."

"எங்க மாமனார் காலத்துலேர்ந்து நாளுதான் கணக்கு. எந்தக் கெணத்துலயும் லிட்டர் போட்டு அளந்து நான் பாத்ததில்ல."

அது உண்மைதான். எருதுகளைப் பூட்டிக் கவலை ஏற்றத்தில் இறைத்த காலத்தில் அவற்றுக்கு மூச்சு வாங்கும். நாள் முழுவதும் இறைத்தாலும் கிணறு வற்றாது. எல்லாரிடமும் ஐந்து குதிரைத்திறன் மோட்டார் இருந்த காலத்திலும் அவரவர் நிலம் நனைந்ததும் நிறுத்திவிடுவார்கள். நனைந்த நிலத்துக்குமேல் தண்ணீர் விட எவனுக்கும் வேலை இல்லை. நாளை அளவாக வைத்தவர்கள் நிலத்தைத்தான் எல்லையாக மனத்தில் வைத்திருந்தார்கள். அதை எவரும் சொன்னதில்லை. சொல்ல வேண்டிய தேவை வந்ததில்லை. கமலமும் அதை நினைக்கவில்லை.

சம்பத் உள்ளே வந்ததும் ரஃபத் ஜஹான் தாமாகவே அந்தக் கேள்வியை ஒருமுறை அவனிடம் போட்டுப் பார்த்தார்.

"எனக்கு எதுக்கு மேடம் லாரியும் கீரியும்? நான் நெல்லு போடறவன்," என்றான் சம்பத். "அண்ணியே கேக்கல, நீங்க கேக்கறீங்க."

ஒப்பந்தத்தின் நான்காம் பத்தியைக் கமலமே சொல்லச் சொல்ல எழுதினார்கள். அவளுக்கு எட்டாம் வகுப்புப் படிப்புதான். ஆனால் பதினோரு ஆண்டுகள் மனுக்களைப் படித்ததில் அந்த நடை நாக்கில் படிந்திருந்தது. 'ஒருவரது முறை நாளில் மற்றவர் எக்காரணம் கொண்டும், எவ்விதத்திலும் தலையிடலாகாது.' அச்சடித்து வந்த தாளை மூன்று முறை படித்தாள். 'ஒரு நாள்' என்று இருந்த இடத்தில் 'சூரிய உதயம் முதல் மறு சூரிய உதயம் வரை' என்று சேர்க்கச் சொன்னாள். ஆபித் பாஷா கடைசியாக ஒருமுறை அவள் முகத்தைப் பார்த்தார். அவள் பேனாவைக் கேட்டாள். அடுத்த வாரம் நீதிபதி அந்தத் தாளின்படியே தீர்ப்பளித்தார். தை மாதம் முடிய இன்னும் பத்து நாட்கள் இருந்தன.

முதல் வெள்ளிக்கிழமை விடிவதற்கு முன்பே கமலம் கொட்டகை வாசலில் நின்றாள். பூட்டுக்கு இப்போது இரண்டு சாவிகள். ஒன்று அவள் இடுப்பில். கிழக்கு சிவக்கும்வரை காத்திருந்து, சூரியன் விளிம்பு தெரிந்த பிறகே பூட்டைத் திறந்தாள். அந்த ஆண்டு மழை நன்றாகப் பெய்திருந்ததால் கிணற்றில் மேலிருந்து ஏழாவது படிவரை தண்ணீர் நின்றது. அப்படி நிறைந்தால் ஆனி மாதம்வரை கவலை இல்லை. குழாய்நீர் வாய்க்காலில் விழுந்து ஓடியபோது அவள் மண்வெட்டியோடு ஒவ்வொரு மரமாகத் திருப்பிவிட்டாள். ஏன் இந்த மரம், எதற்கு இவ்வளவு நேரம் என்று கேட்பாரில்லை. நாற்பத்திரண்டு மரங்களும் நனைந்த பிறகு மோட்டாரைத் தானே நிறுத்தினாள். நிறுத்தும்போது பொழுது இன்னும் உச்சிக்கு வரவில்லை.

அதற்கடுத்த வாரத்துச் சனிக்கிழமை லாரி வந்தது.

அவள் தன் வரப்பில் நின்று பார்த்தாள். பன்னிரண்டாயிரம் லிட்டர் கொள்ளும் டேங்கர். சம்பத் கிணற்றின் மறுபக்கத்தில் இரும்புச் சட்டம் போட்டுப் புது மோட்டார் ஒன்றை இறக்கியிருந்தான். ஓட்டுநர் நவீத் வாயாடாத வாலிபன். குழாயை டேங்கரில் செருகிவிட்டு வரப்புக்கு வந்து பணிவாகவே பேசினான்.

"சலாம்மா. வண்டி உங்க பாத்தியில ஏறாது, பயப்படாதீங்க. ஒருக்காலும் ஏத்த மாட்டேன்."

"இன்னிக்கி எத்தினி நடை?"

"எட்டு. டேனரில இப்ப ஆர்டர் ஜாஸ்தி. உங்க கெணத்துத் தண்ணி நல்ல தண்ணிம்மா, தோலு சும்மா வெண்ணெ மாதிரி வருதுன்றாங்க."

அவன் புகழ்ச்சியாகத்தான் சொன்னான். கமலம் வரப்பைத் தாண்டி ஓர் அடிகூட எடுத்து வைக்கவில்லை, அன்று சனிக்கிழமை. ஞாயிறு லாரிக்கு விடுமுறை. திங்கள், புதன், வியாழன் ஆகிய நாட்களிலும் எட்டு நடை. செவ்வாயும் வெள்ளியும் விடியற்காலையில் சூரியன் விளிம்பு தெரிந்ததும் சம்பத் தன் மோட்டாரை நிறுத்திவிடுவான். ஒரு நிமிடம் முன்னும் இல்லை, பின்னும் இல்லை. ஒப்பந்தத்தை அவ்வளவு ஒழுங்காகக் கடைப்பிடித்தவன் அந்த ஊரில் வேறொருவன் இல்லை.

மாசி முடிவதற்குள் இருபதாவது படி தெரிந்தது. பங்குனி நடுவில் படிகளே முடிந்து, பாறை தெரிந்தது. அந்தச் செவ்வாய்க்கிழமை கமலம் போட்ட கொட்டகை மோட்டார் அரை மணி நேரம் ஓடிவிட்டுக் காற்றைத் துப்பியது. நிறுத்திவிட்டு மாலைவரை காத்திருந்து மறுபடி போட்டாள். கால் மணி நேரம் வந்தது. ஊற்றில் கசிவது அவ்வளவுதான். மழைக்காலத்தில் தேங்கிக் கோடையைக் கடத்த வேண்டிய தண்ணீர் முழுவதும் ஆம்பூருக்குப் போய்த் தோலைக் கழுவிவிட்டது.

மறுநாளே ஆபித் பாஷாவின் அலுவலகத்துக்குப் போனாள். ஹேமலதா மாலையில் ஷிப்டு முடிந்து நேரே அங்கே வந்து சேர்ந்தாள். கமலம் ஒப்பந்தத்தின் நகலை மேசையில் விரித்தாள்.

"அப்பீல் போடுங்க வக்கீல் சார்."

"இதுக்கு அப்பீல் கெடையாதும்மா. ரெண்டு பேரும் சம்மதிச்சு வாங்கின தீர்ப்பு."

"அப்ப அவன் மீறிட்டான்னு போடுங்க."

"எத மீறினாரு? உங்க செவ்வாயில கை வச்சாரா? வெள்ளியில வச்சாரா?"

"லாரிக்கு விக்க மாட்டேன்னான். எனக்கு எதுக்கு லாரியும் கீரியும்னு கேட்டான். நீங்க இருந்தீங்க, அந்த அம்மா இருந்தாங்க. அவங்களக் கூப்புட்டு ஜட்ஜு முன்னால சொல்லச் சொல்லுங்க."

ஆபித் பாஷா மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அந்த ரூம்ல பேசினத வெளிய சொல்லக் கூடாதும்மா. அவங்கள யாரும் சாட்சிக்குக் கூப்புட முடியாது. அவரு சொன்னது எதுவும் தாள்ல இல்ல. தாள்ல இருக்கறது நாலாவது பத்திதான்."

அந்தப் பத்தியை அவர் படித்துக் காட்டவில்லை. அன்றைக்கே சொன்னேனே என்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அவளுக்குக் கோபப்பட ஓர் ஆள் கிடைத்திருக்கும்.

"தாசில்தாருக்கு மனு குடுக்கலாம்," என்றார். "வெளிய விக்கறதுக்குப் பர்மிட்டு இருக்கான்னு கேக்கலாம். எழுதித் தர்றேன். ஆனா அது விசாரணைக்கு வந்து முடியறதுக்குள்ள அடுத்த மழை வந்துடும்."

"மரம் அதுவரைக்கும் நிக்குமா?" என்று ஹேமலதா கேட்டாள். அது வழக்கறிஞரைக் கேட்ட கேள்வியன்று. கமலம் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு எழுந்தாள். படியிறங்கும்போது மகள் கையைப் பிடிக்க வந்தாள், அவள் கொடுக்கவில்லை.

மனுவைக் கொடுத்தார்கள். சீல் வைத்த ரசீது வந்தது. சித்திரை பிறந்தது. குரும்பைகள் உதிர்ந்தன, மட்டைகள் ஒவ்வொன்றாகத் தொங்கின.

சித்திரை இரண்டாவது சனிக்கிழமை காலையில் கமலம் ஒரு பழைய வாளியில் சுண்ணாம்பைக் கரைத்தாள். அரை மணி நேரத் தண்ணீர் பதினொரு மரங்களுக்கு வரும். நாற்பத்திரண்டுக்கும் பங்கிட்டால் எல்லாமே சாகும். எந்தப் பதினொன்று என்பதை முடிவு செய்ய அவளுக்கு இரண்டு நாள் ஆயிற்று. மேற்கு வரிசை ஏகாம்பரம் மணமான ஆண்டில் வைத்தது, உயர்ந்துவிட்ட மரங்கள், காய்ப்புக் கம்மி. கிழக்கே வாய்க்காலை ஒட்டியவை பன்னிரண்டு வயது மரங்கள். பாளை விட்டு நின்றன. மட்டையை நைத்துச் செய்த தூரிகையால் கிழக்கு வரிசையில் ஒவ்வொரு மரத்துக்கும் இடுப்புயரத்தில் பட்டை போட்டுக்கொண்டு வந்தாள். ஹேமலதா வாளியைத் தூக்கிக்கொண்டு பின்னால் வந்தாள். மேற்கு வரிசையை இருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.

பதினோராவது மரத்தில் இருக்கும்போது சம்பத் வந்தான். மோட்டார் சைக்கிளைத் தன் வரப்பிலேயே நிறுத்திவிட்டு, இந்தப் பக்கம் கால் வைக்காமல் பேசினான்.

"இன்னா அண்ணி, மரத்துக்கெல்லாம் வெள்ளை அடிக்கறீங்க? கல்யாணமா?"

"பொழைக்க வேண்டியதுக்கு அடையாளம்."

அவன் எண்ணிப் பார்த்தான். முகத்திலிருந்த சிரிப்பு மெதுவாகக் குறைந்தது. மேற்கு வரிசையைச் சிறிது நேரம் பார்த்தான். அந்தக் கன்றுகளுக்குக் குழி எடுத்தபோது அவனும் அண்ணனோடு மண் அள்ளியவன்தான்.

"லாரிய நிறுத்தச் சொல்லாதீங்க. அட்வான்ஸ் வாங்கிட்டேன், அது நிக்காது. ஞாயித்துக்கெழம வண்டி வராது. அன்னிக்கி ஊறறதுல ஒரு மணி நேரம் நீங்க உட்டுக்குங்க. நான் ஒண்ணும் கேக்க மாட்டேன்."

ஹேமலதா தாயைப் பார்த்தாள். கமலம் தூரிகையிலிருந்து சொட்டிய சுண்ணாம்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஞாயிற்றுக்கிழமை அவனுடைய நாள்.

"எழுதித் தர்றியா?"

சம்பத் சிரித்தான். கேலியாகச் சிரிக்கவில்லை, அந்தக் கேள்வி அவனுக்கு உண்மையிலேயே வேடிக்கையாக இருந்தது.

"எழுதினா அது முறையாயிடும் அண்ணி. அப்புறம் அதுக்கும் கோர்ட்டுக்குப் போவீங்க. இது சும்மா குடுக்கறது."

"காலையில எத்தினி மணிக்கு?"

"அத எப்புடி இப்பவே சொல்றது? தோணறப்ப போன் பண்றேன். பாப்பாகிட்ட நம்பர் கீதில்ல?"

ஹேமலதா தலையசைத்தாள். அவன் வண்டியைத் திருப்பினான். கிணற்றுப் பக்கத்திலிருந்து மோட்டாரின் இரைச்சல் ஒரே சீராக வந்துகொண்டிருந்தது. நவீத்தின் டேங்கர் நிறையும் ஓசை அது.

"போன் வந்தா நான் எடுக்க மாட்டேன்," என்றாள் கமலம். "நீ எடு. நீயே போய் மோட்டாரு போடு."

"சரிம்மா."

"ஒரு மணி நேரம்னா இன்னும் இருபத்திரண்டு மரம்."

இருபத்திரண்டையும் அவள் நம்பவில்லை. அவன் சொன்ன ஒரு மணி நேரம் எந்த நாளும் ஒரு மணி நேரமாக இருந்ததில்லை என்பது அவளுக்குப் பதினோரு ஆண்டுப் பாடம். எட்டு மரம் என்று மனத்துக்குள் வைத்துக்கொண்டாள். பிறகு தூரிகையைச் சுண்ணாம்பில் தோய்த்துக்கொண்டு பன்னிரண்டாவது மரத்துக்குப் போனாள்.